மிதக்கும் தீவுகளுக்கு வரைபடம் போட்டு அச்சேற்றிய கதை

ஒருவழியாக வரைபடம் அச்சாகிவிட்டது. என் நாவலில் வரும் மேகலைத் தீவுகள், மாயத்தால் ஆகாயத்தில் தொங்கும் ஒரு தீவுத்தொடர். எழுதியதிலும் திருத்தியதிலும் பெரிய சிரமம் இல்லை. உயிரை எடுத்தது முதல் பக்கத்தில் வரவேண்டிய இந்த ஒரு படம்தான். இதே வேலையில் இறங்கப் போகிறவர்களுக்கு உதவட்டும் என்று எழுதுகிறேன்.

முதல் பஞ்சாயத்து உயரத்தில் தொடங்கியது. பதிப்பகத்தில் பக்கம் வடிவமைப்பவர் என் கோட்டுப்படத்தைப் பார்த்துவிட்டு, "தீவுன்னா தீவுதானே சார், மேலே இருந்தா என்ன, கீழே இருந்தா என்ன?" என்றார். திரும்பி வந்த படத்தில் எல்லாத் தீவுகளும் ஒரே மட்டத்தில், சுற்றிலும் நீல அலைகளோடு கிடந்தன. உயரங்களைக் குறித்திருந்த லேயரையே, அதாவது கணினிப் படத்தின் அந்த அடுக்கையே, அணைத்துவிட்டிருந்தார்.

அதை எப்படி விட்டுக்கொடுப்பது? ஒவ்வொரு 1,000 மீட்டருக்கும் வெப்பம் சராசரியாக 6.5 டிகிரி குறைகிறது. கீழே தரையில் 30 டிகிரி என்றால், 4,000 மீட்டரில் தொங்கும் தீவில் 4 டிகிரிதான். அங்கே வாழைத்தோப்பு வைத்தால் வாசகர் சும்மா விடமாட்டார். 5,500 மீட்டரில் காற்றழுத்தம் பாதியாகிவிடும். பெருவின் லா ரின்கொனாடா சுமார் 5,100 மீட்டரில் இருக்கிறது. மக்கள் நிரந்தரமாக வாழும் ஊர்களில் அதுதான் மிக உயரம். அதனால் குடியிருப்புள்ள எந்தத் தீவையும் 5,000 மீட்டருக்கு மேல் நான் வைக்கவில்லை. தீவைத் தாங்குவதற்கு மட்டும்தான் மாயம், மற்றதெல்லாம் இயற்கையின் கணக்கு. இப்படி ஒரு விதியை முதலிலேயே எழுதிக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வரும் பாதிச் சண்டைகள் அதிலேயே தீர்ந்துவிடும்.

"மாயத் தீவுக்கு இவ்வளவு கணக்கு எதுக்கு?" என்று பதிப்பகத்தில் இன்னொருவரும் கேட்டார். திரிபுரக் கதையைச் சொன்னேன். பொன், வெள்ளி, இரும்பு என்று மூன்று பறக்கும் கோட்டைகள். மூன்றும் ஒரே நேர்கோட்டில் வரும் கணத்தில்தான் ஒரே அம்பால் அழிக்க முடியும். எது எங்கே இருக்கிறது என்ற கணக்கில்தான் அந்தக் கதையே நிற்கிறது. அப்புறம் அவர் பேசவில்லை.

அடுத்து அருவி. அட்டைப்பட ஓவியர் ஒரு குட்டித் தீவின் விளிம்பிலிருந்து பேரருவி ஒன்றைக் கொட்டவிட்டிருந்தார். பார்க்க அழகுதான். ஆனால் மிதக்கும் தீவுக்கு மழையை விட்டால் வேறு தண்ணீர் வரவு ஏது? 1 சதுர கிலோமீட்டர் தீவில் ஆண்டுக்கு 1,000 மில்லிமீட்டர் மழை பெய்தால் மொத்தம் 10 லட்சம் கன மீட்டர். ஒரு சொட்டுகூட ஆவியாகாமல் வருடம் முழுக்கச் சீராக வழிந்தாலும் நொடிக்கு சுமார் 32 லிட்டர்தான் தேறும், அதாவது இரண்டு மூன்று வாளி. அதுவும் கீழே வந்து சேராது. வெனிசுவேலாவின் ஏஞ்சல் அருவி 979 மீட்டர் உயரம். நீர்வரத்து குறையும் மாதங்களில் அதன் தண்ணீர் அடியைத் தொடும் முன்பே பெரும்பாலும் திவலையாகச் சிதறிவிடுகிறது. இதைக் கேட்டதும் ஓவியர் ஒரு வார்த்தை வாதாடவில்லை. அருவியை அழித்துவிட்டு, பாதி வழியில் மூடுபனியாகக் கலைந்துபோகும் வெள்ளை இழை ஒன்றைத் தீட்டினார். பேரருவியை விட அது எவ்வளவோ மேல். எனக்கு வந்த முதல் நிம்மதி அதுதான்.

நிழலையும் போராடித்தான் வாங்கினேன். தன் அகலத்தைப் போல 100 மடங்குக்குச் சற்று மேலான உயரத்துக்குப் போய்விட்டால், ஒரு பொருளின் முழு நிழல், அதாவது சூரியன் முற்றிலும் மறையும் இருட்டு, தரையை எட்டாது. ஆகவே 3,000 மீட்டரில் மிதக்கும் 20 மீட்டர் பாறையால் கீழே யாருக்கும் தொல்லையில்லை. அதே உயரத்தில் 5 கிலோமீட்டர் தீவு வந்து நின்றால் கீழே ஊர்கள் இருண்டுபோகும், பயிர் விளையாது. நாவலில் கீழ்நாட்டாருக்கும் தீவுக்காரர்களுக்கும் பகையே அந்த நிழலால்தான் வருகிறது. அதைக் காட்டாத வரைபடம் எனக்கு எதற்கு?

இவ்வளவும் முடிந்தபின் அச்சகத்துப் பிரதி வந்தது. வண்ணம் என்று பேசியதைச் சொல்லாமல் கொள்ளாமல் கறுப்பு வெள்ளையாக்கியிருந்தார்கள். பச்சை, மஞ்சள், சிவப்பு என்று நான் பிரித்துக்காட்டிய உயரங்கள் எல்லாம் ஒரே சாம்பல் நிறம். நடுத்தீவு இரண்டு பக்கங்களுக்கு இடையில் தையலுக்குள் போய்விட்டது. போதாக்குறைக்கு எழுத்துரு மாறி, கொம்புகள் இடம் பெயர்ந்து, 'மேகலை' என்ற பெயரையே படிக்க முடியவில்லை.

அதனால் உயரத்தை வண்ணத்தை நம்பி விடாதீர்கள், தீவின் பக்கத்திலேயே எண்ணாகப் போடுங்கள். பக்கவாட்டுத் தோற்றம் ஒன்றையும் தனியாக வரையுங்கள். மேலிருந்து பார்க்கும் படத்தில் எந்தத் தீவு எதற்கு மேலே என்று தெரியவே தெரியாது. நடுவில் இரண்டு விரற்கடை வெற்றிடம் விடுங்கள். ஊர்ப்பெயர்களை எழுத்தாக அனுப்பாமல், எழுத்துரு தேவைப்படாத கோட்டு வடிவங்களாக மாற்றி அனுப்பினால் கொம்பும் காலும் நகராது. அச்சுக்கு முன் சரிபார்க்கத் தரும் கடைசி மெய்ப்பைத் திரையில் பார்த்து ஒப்புதல் தராதீர்கள். தாளில் கேளுங்கள். தரமாட்டோம் என்றுதான் முதலில் சொல்வார்கள், விடாமல் கேட்டால் தருகிறார்கள்.