பெயருக்கு முன்னால்

எங்கள் பேப்பரின் அந்தச் செய்தித் தலைப்பில் நான் எடுக்கச் சொன்னது ஒரே ஒரு சொல்: 'பத்மஸ்ரீ'.

2024 மே 11. பஞ்சாபிக் கவிஞர் சுர்ஜித் பாதர் லூதியானா வீட்டில் தூக்கத்திலேயே போய்விட்டார். 79 வயது. கெஜ்ரிவால் ஜாமீனில் வெளியே வந்த மறுநாள் என்பதால் டெல்லிச் செய்தியெல்லாம் அவரைச் சுற்றியே ஓடியது. பாதருக்குச் சிங்கிள் காலம்தான், அதாவது ஒரே பத்தி அகலத்தில் ஒரு சின்னச் செய்தி. 'பத்மஸ்ரீ சுர்ஜித் பாதர் காலமானார்' என்று தலைப்பு போட்டிருந்தார்கள்.

"சார், விவசாயிகள் போராட்டத்தப்போ அந்த விருதைத் திருப்பித் தர்றேன்னு அறிவிச்சவர் இவர்."

"அறிவிச்சார். ரத்து பண்ணினாங்களா?"

செய்தி ஆசிரியர் சொன்னது விதிப்படி சரிதான்; ரத்து செய்யும் அதிகாரம் குடியரசுத் தலைவருக்குத்தான் உண்டு. ஆனால் பத்ம விருதைப் பட்டம்போலப் பெயருக்கு முன்னால் போடக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் தொண்ணூறுகளிலேயே சொல்லிவிட்டது. அதைச் சொன்னேன். அவர் வேறொன்று கேட்டார்.

"அதை எடுத்துட்டா இவர் யாருன்னு நம்ம வாசகருக்கு எப்படித் தெரியும்?"

என்னிடம் பதில் இருப்பதாகத்தான் நினைத்தேன். 2020 டிசம்பரில், விவசாயிகள் முகாமிட்டிருந்த டெல்லியின் சிங்கு எல்லையில் செய்தி சேகரித்தவன் நான். டிராக்டர் டிராலிக்கு மேலே தார்ப்பாய், உள்ளே வைக்கோல் பரப்பி அதன்மேல் மெத்தை. ஒரு டிராலியில் செல்போனில் கஜல் ஓடிக்கொண்டிருந்தது, கவிஞரே பாடியது. யார் என்று கேட்டேன். "பாதர் சாஹிப்" என்றான் அந்தப் பையன். வேறு எந்த அறிமுகமும் அவனுக்குத் தேவைப்படவில்லை.

ஆனால் அவன் எங்கள் வாசகன் இல்லையே. எங்கள் வாசகருக்கு நான் என்ன கொடுத்திருக்க வேண்டும்? ஜலந்தர் பக்கத்துக் கிராமத்தின் பெயரையே தன் பெயராக்கிக்கொண்டவர். வேளாண் பல்கலைக்கழகத்தில் பஞ்சாபி கற்பித்தவர். ஸ்பானியக் கவிஞர் லோர்காவின் நாடகங்களைப் பஞ்சாபிக்குக் கொண்டுவந்தவர். 1993இல் வாங்கிய சாகித்ய அகாதமி விருதை 2015இல் திருப்பிக் கொடுத்தவர். இத்தனைக்கும் சிங்கிள் காலத்தில் எங்கே இடம்?

"சரி, எடுங்க" என்றார். எடுத்தோம். பத்மஸ்ரீயைத் திருப்பித் தருவதாக அவர் அறிவித்ததைக் கடைசி வரியாகச் சேர்த்தேன். பக்கம் கட்டும்போது அந்த வரி போய்விட்டது. கீழிருந்து வெட்டுவதுதான் வழக்கம். யாரையும் குறை சொல்ல முடியாது. மறுநாள் பேப்பரில் விருதும் இல்லை, அதை அவர் வேண்டாம் என்றதும் இல்லை.

அந்தச் சொல்லை எடுத்தது சரி என்றுதான் இன்றும் நினைக்கிறேன். வேண்டாம் என்றவர் தலையில் அதே மாலையைச் சாவுக்குப் பிறகு போடுவது அநியாயம். ஆனால் அது இருந்திருந்தால் யாராவது ஒருவர் நின்று படித்திருப்பாரோ என்றும் தோன்றுகிறது. திருப்பித் தருவதாக அறிவித்ததை முதல் வரியிலேயே வைத்திருக்கலாம் என்றார் ஒரு நண்பர். அதற்கும் மனம் ஒப்பவில்லை. 1979இல் முதல் தொகுப்பு வந்ததிலிருந்து நாற்பத்தைந்து ஆண்டுகள் அவர் எழுதியது கவிதை. அதில் ஒரு வரிகூட எங்கள் செய்தியில் வரவில்லை. விருதைப் பற்றி அவ்வளவு வாதாடிய நானும் அதைக் கேட்கவில்லை, செய்தி ஆசிரியரும் கேட்கவில்லை.