நன்னிலத்துக்காரர் ஒருவரின் தயாரிப்பாளர் முகம்

கே. பாலசந்தரை இயக்குநராகக் கொண்டாடும் நம் ஊர்க்காரர்கள்கூட அவரைத் தயாரிப்பாளராக அதிகம் பேசுவதில்லை என்பது எனக்கு நெடுநாள் வருத்தம். நன்னிலம் பக்கத்து நல்லமாங்குடியில் 1930இல் பிறந்து, முத்துப்பேட்டையில் ஆசிரியராக வேலை பார்த்து, பிறகு சென்னையில் கணக்காயர் அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்துகொண்டே நாடகம் போட்டவர், 1981இல் கவிதாலயா நிறுவனத்தைத் தொடங்கினார். முதல் படமான ‘நெற்றிக்கண்’ணை இயக்கும் பொறுப்பை எஸ்.பி. முத்துராமனிடம் கொடுத்தார், தானே பெரிய இயக்குநராக இருந்தும் பிறர் படங்களுக்குப் பணம் போடும் அந்த மனம் எளிதில் வாய்ப்பதல்ல.

1992ஆம் ஆண்டைப் பாருங்கள். கவிதாலயா தயாரிப்பில் ஜூனில் ரஜினியின் ‘அண்ணாமலை’, ஆகஸ்டில் மணிரத்னத்தின் ‘ரோஜா’. ஒன்று முழுக்க முழுக்க வெகுஜனப் படம்; மற்றொன்றில், விளம்பரங்களுக்கு இசையமைத்துக்கொண்டிருந்த ஏ.ஆர். ரஹ்மான் என்ற இளைஞர் இசையமைப்பாளராக அறிமுகமாகி, அதற்கே தேசிய விருதும் பெற்றார். அந்தத் துணிவுக்குரிய பாராட்டில் தயாரிப்பாளருக்கும் பங்குண்டு என்றே நான் உறுதியாக நம்புகிறேன்.

கவிதாலயாவின் அடையாளமாகத் திரையில் வள்ளுவர் சிலை தோன்றி, ‘அகர முதல எழுத்தெல்லாம்’ என்ற குறள் ஒலித்ததுமே எங்கள் ஊர்க் கொட்டகையில் பேச்சு அடங்கிவிடும்.

சின்னத்திரையையும் அவர் தாழ்வாக நினைக்கவில்லை. தூர்தர்ஷனில் ‘ரயில் சிநேகம்’ தொடரை இயக்கியவர், தொலைக்காட்சிக்கென்றே மின்பிம்பங்கள் நிறுவனத்தையும் நடத்தினார். டெல்டாவிலிருந்து சினிமாவுக்குப் போக நினைக்கும் பிள்ளைகள், அவருடைய காட்சிகளோடு இந்த நிறுவனங்களின் வரலாற்றையும் தேடிப் படிக்க வேண்டும்.