நீங்க டைப் பண்ற 'லை' ஈரோட்லேருந்து வந்ததுங்க

போன வாரம் வீடு ஒதுங்க வெக்கறப்ப அப்பிச்சியோட (எங்கம்மாவோட அப்பா) தகரப்பெட்டில ஒரு பழைய இன்லேண்ட் லெட்டர் கெடச்சுதுங்க, எங்கம்மாவுக்கு அவர் எழுதுனது. எம்பொண்ணு வாங்கிப் படிச்சவ ரெண்டாவது வரியிலயே நின்னுட்டா. "அம்மா, இது என்ன எழுத்து, யானத் தும்பிக்கையாட்டம் மேல சுழிச்சுக்கிட்டு போகுது?"ன்னு கேக்கறா. பாத்தா 'லை'. 'வேலை'ங்கிற வார்த்தைல இருந்த லை.

அப்பிச்சி சின்ன அச்சாபீஸ்ல கம்பாசிட்டரா, அதாவது அச்சு கோக்கறவரா இருந்தவரு, அதனால இந்த எழுத்து மாறுன கதை எனக்குச் சின்ன வயசுலயே தெரியும். பொண்ணுக்குச் சொல்ல ஆரம்பிச்சேன், சொல்லச் சொல்ல எனக்கே எழுதி வெக்கணும்னு தோணிருச்சு.

ஈரோட்ல 1925 மே 2ந் தேதி 'குடிஅரசு'ன்னு ஒரு வாரப்பத்திரிகை ஆரம்பிச்சாங்க. பெரியார் அப்ப இன்னும் காங்கிரஸ்லதான் இருந்தாரு, அந்த வருசம் நவம்பர்ல காஞ்சிபுரம் மாநாட்லதான் வெளிய வர்றாரு. அவரும் வா.மு.தங்கபெருமாள் பிள்ளையும் ஆசிரியர்கள். தொடங்கி வெச்சது யாருன்னா திருப்பாதிரிப்புலியூர் ஞானியார் அடிகள், ஒரு சைவ மடத்துச் சாமியார். பின்னாடி அந்தப் பத்திரிகை போன வழிய நெனச்சா இது எனக்கு எப்பவும் ஆச்சரியமாவே இருக்கும். மெட்ராஸ்ல இல்லாம ஈரோடு மாதிரி ஒரு மஞ்சமண்டி ஊர்ல இருந்து இப்படி ஒண்ணு வரணும்னா எவ்வளவு துணிச்சல் வேணும்.

எல்லாத்தையும் எழுதுனாங்க. சாதி, கோயில், பெண்களுக்குச் சொத்து, விதவை மறுமணம், கர்ப்பத்தடை வரைக்கும் 1920கள்லயே ஓப்பனா எழுதுன பத்திரிகை. பகத்சிங்க 1931 மார்ச் 23 தூக்குல போட்டாங்க, ஆறு நாள்ல, 29ந் தேதி இதழ்ல தலையங்கம் வந்துருச்சு. அதே வருசம் கம்யூனிஸ்ட் அறிக்கையத் தமிழ்ல போட்டாங்க. அம்பேத்கரோட சாதி ஒழிப்பு உரையும் இதுலதான் தமிழ்ல வந்துச்சு.

ஆனா இதுல வீட்டுப் பொம்பளைங்களோட பங்கு பத்திப் பேசறவங்க கம்மிங்க, அது எனக்கு ரொம்ப வருத்தம். 1931 கடைசில பெரியார் ஐரோப்பாவுக்குக் கெளம்பிப் போனாரு, கிட்டத்தட்ட ஒரு வருசம் ஊர்ல இல்ல, அப்ப இயக்கத்தையும் பத்திரிகையையும் விட்டுடாம தாங்குனவங்கள்ல அவரோட மனைவி நாகம்மையாரும் ஒருத்தங்க. அவங்க 1933 மே மாசம் எறந்துட்டாங்க. அந்த அக்டோபர் 29ந் தேதி, இன்னிக்கி இருக்கிற ஆட்சிமுறை ஏன் ஒழியணும்னு ஒரு தலையங்கம் வந்துது, சர்க்கார் ராஜத்துரோகக் கேஸ் போட்டுட்டாங்க. எழுதுன பெரியாருக்கு மட்டும் இல்லைங்க, வெளியிட்டவங்கங்கற முறைல அவர் தங்கச்சி கண்ணம்மாளுக்கும் ஜெயில். 1921ல ஈரோட்ல நாகம்மையாரோட சேந்து கள்ளுக்கடை மறியல் பண்ணுனதும் இதே கண்ணம்மாதான். பத்திரிகைல பதிப்பாளர்னு பேரு போடறதுன்னா அன்னிக்கு ஜெயிலுக்குப் போறதுக்குத் தயார்னு கையெழுத்துப் போடற மாதிரி.

குடிஅரசு நின்னு போச்சு. உடனே 'புரட்சி'ன்னு வேற பேர்ல ஒரு வாரப்பத்திரிகை வந்துது, அப்புறம் 'பகுத்தறிவு', திரும்ப 1935 ஜனவரில குடிஅரசே வந்துருச்சு. வந்த கையோட எழுத்தையும் மாத்திட்டாங்க.

அதுக்கு முன்னாடி ணா, றா, னாவுக்குக் கால் தனியா வராது, எழுத்தோட ஒட்டிச் சுழிஞ்சு போகும். ஒகரம் ஓகாரத்துலயும் (ணொ, ணோ மாதிரி) அப்படியே, எல்லாஞ் சேந்து ஒம்பது. ணை லை ளை னைக்கு, 'கை'ல முன்னாடி வர்ற மாதிரி சங்கிலிக்கொம்பு கெடையாது, அந்தத் தும்பிக்கைதான், அது நாலு. ஆக மொத்தம் 13. அச்சாபீஸ்ல இந்தப் பதிமூணுக்கும் தனித்தனியா அச்சு வார்க்கணும், அச்சு எழுத்த அடுக்கி வெக்கற கேஸ்ல (மரப்பெட்டில) தனித்தனி அறை வேணும், கம்பாசிட்டர் கை அங்க போய் எடுக்கணும். மத்த எழுத்துக்கெல்லாம் இருக்கிற அதே காலு, அதே கொம்பு இதுக்கும் போதும்னு பெரியார் சொன்னாரு, சொன்னதோட நிக்காம அடுத்தவன் ஒத்துக்கறதுக்குக் காத்திருக்காம தன் பத்திரிகைலயே அச்சடிச்சுட்டாரு. அச்சடிக்கவும் லேசு, புள்ளைங்க படிக்கவும் லேசு. 'ஐ'க்குப் பதிலா 'அய்'னும் போடச் சொன்னாரு, அத அரசாங்கம் எடுத்துக்கல.

அரசாங்கம் இந்தப் பதிமூணு எழுத்து மாத்தத்த ஏத்துக்கிட்டது 1978ல, எம்.ஜி.ஆர். ஆட்சில. நாப்பத்திமூணு வருசம் ஆச்சு. குடிஅரசு 1949லயே நின்னுருச்சு, பெரியாரும் 1973ல போய்ட்டாரு, ரெண்டு பேருமே அதப் பாக்கல. கலைஞர் கூட 40கள்ல ஈரோட்டுக்கு வந்து இந்தப் பத்திரிகைல உதவி ஆசிரியரா வேல பாத்தவருதான், அது தனிக் கதை.

அப்பிச்சி சொல்லுவாரு, "புது எழுத்து வந்தப்ப கேஸ்ல பதிமூணு அறை காலியாச்சு கண்ணு, மொத ஒரு வாரம் கை தானா அங்கயே போச்சு"ன்னு. அச்சு கோத்தப்ப புதுசுக்கு மாறிட்டாரு, ஆனா லெட்டர் எழுதறப்ப கடைசி வரைக்கும் தும்பிக்கை லைதான். எம்பொண்ணு இப்ப நோட்டுப் பின்னாடி அத எழுதிப் பழகிட்டு இருக்கா. சுழி இன்னும் சரியா வரல, அப்பிச்சி லெட்டரப் பக்கத்துலயே விரிச்சு வெச்சிருக்கா.