நாற்பது வயதில் நாடு விட்ட நடிகர்

பிராக் வந்த முதல் குளிர்காலத்தில் எனக்குச் செக் மொழி காதில் ஏறியது தொலைக்காட்சியால்தான். கிறிஸ்துமஸ் சமயத்தில் இங்கே ராஜா ராணிக் கதைப் படங்களாகவே ஓடும். தெருமுனைத் தொட்டிகளில் உயிரோடு விற்கும் கெண்டை மீனை வாங்கிப் பொரித்து வைத்துவிட்டு, குடும்பமாகப் படம் பார்க்க உட்காருவார்கள். கீழ்வீட்டு அம்மா என்னையும் கூப்பிட்டார். அன்று பார்த்தது 1970-இல் வந்த ‘ராதூஸும் மகுலெனாவும்’. இளவரசன் ராதூஸாக நடித்தவர் யான் திரீஸ்கா. “இந்த முகம் எத்தனையோ வருஷம் எங்கள் கண்ணில் படவேயில்லை” என்றார் அந்த அம்மா.

அதன்பின் அவரைப் பற்றித் தேடித்தேடிப் படித்தேன். 1968 ஆகஸ்டில் சோவியத் தலைமையிலான படைகள் அன்றைய செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் புகுந்தபோது, திரீஸ்காவும் நாடகாசிரியர் வாட்ஸ்லாவ் ஹாவெலும் வடக்கே லிபெரெட்ஸ் நகரில் இருந்தார்கள். ஆக்கிரமிப்பை எதிர்த்து ஹாவெல் எழுத, திரீஸ்கா வானொலியில் வாசித்தார். 1977 தொடக்கத்தில் மனித உரிமை கேட்டு ‘சாசனம் 77’ என்ற அறிக்கை வந்தது. அரசு உடனே கலைஞர்களை தேசிய நாடக அரங்குக்கு வரவழைத்து, அதற்கு எதிரான அறிக்கையில் கையெழுத்து வாங்கியது. அந்த ஆண்டே திரீஸ்கா மனைவியோடும் இரண்டு மகள்களோடும் வெளியேறினார். அனுமதியில்லாமல் போவது அன்று சட்டப்படி குற்றம். போன நடிகர்களின் படங்களும் திரைக்கு வராமல் முடங்கும்.

அப்போது அவருக்கு வயது நாற்பது. நான் யோசித்து யோசித்து நிற்பது இந்த இடத்தில்தான். மென்பொருள் எழுதும் எனக்குச் சென்னையில் தெரிந்த வேலையே பிராகிலும் சோறு போடுகிறது. மேடை நடிகனுக்கு நாக்குதான் தொழில். அதைத் தாய்மொழியோடு விட்டுவிட்டு எதைக்கொண்டு பிழைப்பது? 1968-க்குப் பின் அமெரிக்கா போன மிலோஷ் ஃபோர்மன் இயக்குநர். கேமராவுக்குப் பின்னால் உச்சரிப்பு ஒரு தடையில்லை. திரீஸ்காவும் அமெரிக்காவுக்குத்தான் போய்ச் சேர்ந்தார். ஆனால் அவர் கேமராவுக்கு முன்னால் நிற்க வேண்டியவர். 1981-இல் ‘ரெட்ஸ்’ படத்தில் போல்ஷெவிக் கார்ல் ராடெக், 1984-இல் ‘2010’ படத்தில் சோவியத் விண்கலத்தில் ஒருவர், ‘கராத்தே கிட்’ மூன்றாம் பாகத்தில் பணக்கார வில்லனின் பணியாள். சோவியத் படைகளை எதிர்த்து வானொலியில் பேசியவர், அங்கே ரஷ்யர் வேடம் கட்டினார். இதை வீழ்ச்சி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. குடும்பத்தைக் காப்பாற்றிக்கொண்டு, தொழிலையும் விடாமல் பிடித்திருந்தார்.

1989-இல் கம்யூனிஸ்ட் ஆட்சி கவிழ்ந்தது, ஹாவெல் ஜனாதிபதியானார். 1991-இல் ‘ஒபெட்ஸ்னா ஷ்கொலா’ (தொடக்கப்பள்ளி) என்ற செக் படத்தில், இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு அடங்காத பையன்களின் வகுப்புக்கு வரும் வாத்தியார் இகோர் ஹ்னீஸ்தோவாக நடித்தார். 2002-இல் பிராக் கோட்டை வளாகத்தில் ஷேக்ஸ்பியர் கோடை விழாவில் லியர் மன்னர். கால் நூற்றாண்டு ஆங்கிலத்தில் சிறு வேடங்கள் செய்தவர், அத்தனை பெரிய பாத்திரத்தைச் செக்கில் தாங்கியிருக்கிறார்.

ஆனாலும் அமெரிக்க வாழ்க்கையை அவர் துறந்துவிடவில்லை. போவதும் வருவதுமாகவே இருந்தார். “எப்பதான் ஒரேயடியா திரும்பி வருவே?” என்று ஊரில் கேட்கும்போதெல்லாம் எனக்கு அவர் நினைவு வரும். ஒரேயடியாக ஒரு பக்கம் சாய்ந்தே தீரவேண்டும் என்று ஏன் எதிர்பார்க்கிறார்கள்?

பிராகுக்குப் புதிதாக வருகிறவர்கள் ‘ஒபெட்ஸ்னா ஷ்கொலா’விலிருந்து தொடங்குங்கள். வகுப்பறைப் பேச்சு என்பதால் வசனம் சீக்கிரம் பிடிபடும்.