திபிலீசியிலிருந்து குகை ஊருக்கு ஒரு பகல்

ஜார்ஜியத் தலைநகர் திபிலீசியிலிருந்து குகை ஊரான உப்லிஸ்ட்சிக்கேவுக்குப் போகும் ஒரு நாள் பயணத்தில் பலருக்கும் குறைவாகக் கிடைப்பது உப்லிஸ்ட்சிக்கேதான். காலையில் ஜுவாரி மடாலயம், பிறகு மத்ஸ்கேத்தா, அங்கே கடைத்தெரு, கோரியில் ஸ்டாலின் அருங்காட்சியகம், நடுவில் சாப்பாடு. வேன் குகை ஊருக்கு வந்து சேரும்போது நாலு மணி தாண்டியிருக்கும். கைடு மணியைப் பார்த்துவிட்டு "நாற்பது நிமிடம்" என்பார். பாறையில் ஏறி இறங்கவே அது சரியாகப் போய்விடும். ஆகவே பணம் கட்டும் முன் கேட்க வேண்டியது, குகை ஊரில் எத்தனை நிமிடம் விடுவீர்கள் என்பதுதான். விலையை அப்புறம் பேசிக்கொள்ளலாம். ஒன்றரை மணி நேரத்துக்குக் குறைவு என்றால் அடுத்த ஆளிடம் போங்கள். முதலில் நேராகக் குகை ஊருக்குப் போய்விட்டு, மற்ற இடங்களைத் திரும்பும் வழியில் பார்க்கிற வேன் கிடைத்தால் இன்னும் நல்லது.

மார்த்தாண்டம், தக்கலை, குளச்சல் பக்கத்திலிருந்து ஜார்ஜியா வருகிறவர்களில் பெரும்பாலோர் மருத்துவம் படிக்கும் பிள்ளைகள். முதல் இரண்டு மாதம் அறை பார்ப்பதிலும் குடியிருப்பு அட்டைக்கு அலைவதிலும் போய்விடும். திபிலீசியை விட்டு வெளியே கால் வைக்க இதைவிட எளிய வழி இல்லை. பிள்ளையைப் பார்க்க வரும் அப்பா அம்மாவுக்கும் இது ஏற்ற நாள்தான். முட்டுவலி உள்ளவர்களுக்கு என்ன செய்வது என்று கீழே சொல்கிறோம்.

வேன்கள் பெரும்பாலும் அவ்லாபாரி மெட்ரோ வாசலிலிருந்தோ பழைய நகரத்தில் மெய்தான் சதுக்கத்திலிருந்தோ கிளம்பும். மருத்துவப் பல்கலைக்கழகம் பக்கம் தங்கியிருப்பவர்கள் ரயில் நிலையச் சதுக்கத்தில் மெட்ரோ மாறி அவ்லாபாரிக்கு வரலாம். தெருவில் நோட்டீஸ் நீட்டுகிறவரிடம் மூன்று விஷயம் தெளிவாகக் கேளுங்கள். கைடு எந்த மொழியில் பேசுவார்? ஒரே வேனில் ரஷ்ய மொழிக்காரர்களும் இருந்தால் எல்லாவற்றையும் இரண்டு தடவை சொல்ல வேண்டி வரும், பாதி நேரம் அதிலேயே கரையும். நுழைவுச் சீட்டு கட்டணத்தில் சேர்ந்ததா? பெரும்பாலும் சேராது, குகை ஊருக்கும் ஸ்டாலின் அருங்காட்சியகத்துக்கும் தனித்தனியாகக் கட்ட வேண்டியிருக்கும். மாணவர் அட்டையைக் கையில் வைத்திருங்கள், சலுகை உண்டா என்று கவுண்டரில் கேட்பதில் நஷ்டமில்லை. மூன்றாவது, சாப்பாடு. அதுவும் சேராது. சில்லறையாகக் கொஞ்சம் லாரி வைத்திருங்கள், அதுதான் இந்த ஊர்ப் பணம். ஊரில் பேசும்போது மட்டும் "பத்து லாரி செலவு" என்று சொல்லிவிடாதீர்கள், செங்கல் இறக்கினீர்களா என்று கேட்பார்கள்.

இன்னும் சில சொற்கள் சிரிப்பு மூட்டும். ஜார்ஜிய மொழியில் மாமா என்றால் அப்பா, தேதா என்றால் அம்மா. புரி என்பது ரொட்டி, புலி என்பது பணம். 'அரா' என்றால் இல்லை. 'கமர்ஜோபா' வணக்கம், 'மத்லோபா' நன்றி. இந்த அளவு தெரிந்தாலே தெருவோரத்தில் ரொட்டி விற்கும் அம்மாவின் முகம் மலரும்.

காலணி விஷயத்தில்தான் நம்மவர்கள் அதிகம் தவறு செய்கிறார்கள். ரப்பர் செருப்பு வேண்டவே வேண்டாம். உப்லிஸ்ட்சிக்கே மணற்பாறை, காய்ந்திருந்தால் மேலே மெல்லிய மணல் உருண்டு வழுக்கும், மழை பெய்தால் பாறையே வழுக்கும். அடியில் பல் உள்ள ஷூ போடுங்கள். மேலே நிழல் கிடையாது, காற்றுக்குக் குறைவில்லை. ஆரல்வாய்மொழிக் காற்றாடிகளுக்கு அடியில் நின்ற அனுபவம் உள்ளவர்களுக்குப் புரியும். தொப்பி போட்டால் தாடைக்குக் கீழ் கட்டும் தொப்பியாக இருக்கட்டும். பல இடங்களில் பாறை விளிம்பில் கைப்பிடி இல்லை. செல்பி எடுக்கப் பின்னால் நகர்வது இங்கே உண்மையான ஆபத்து. ஆளுக்கு ஒரு லிட்டர் வெள்ளம் போதாது, கோடையில் ஒன்றரை வேண்டும். கடையில் போர்ஜோமி என்ற பாட்டிலைத் தெரியாமல் வாங்கிவிடாதீர்கள். அது உப்புக் கரிக்கும் வாயு வெள்ளம், தாகத்துக்கு உதவாது.

வழியில் வரும் கோயில்களுக்கு வேறு ஒழுங்கு. சுசீந்திரத்தில் செருப்பையும் சட்டையையும் கழற்றிப் பழகியவர்களுக்கு இங்கே எல்லாம் நேர் எதிர்: செருப்பு காலிலேயே இருக்கும், உடம்பு மூடியிருக்க வேண்டும். பெண்கள் தலையில் துணி போட வேண்டும், பாவாடை அணிய வேண்டும். பேன்ட் போட்டிருந்தால் வாசலில் வைத்திருக்கும் துணியை இடுப்பில் சுற்றிக்கொள்ளலாம். ஒரு துப்பட்டா பையில் இருந்தால் தலைக்கு ஆச்சு. ஆண்கள் அரைக்கால் சட்டையில் வரக்கூடாது, தொப்பியைக் கழற்ற வேண்டும். உள்ளே உட்கார பெஞ்சு வரிசை இருக்காது, நின்றுதான் தொழுவார்கள். கோட்டாறு, முட்டம் பக்கத்துக் கத்தோலிக்கர்கள் ஒன்றைக் கவனிப்பார்கள்: சிலுவை அடையாளம் போடும்போது இவர்கள் வலது தோளை முதலில் தொடுகிறார்கள்.

ஜுவாரி 6ஆம் நூற்றாண்டின் கடைசியில் தொடங்கிய சின்னக் கல்கோயில். அங்கே நின்று கீழே பார்த்தால் அரக்வி ஆறும் மட்குவாரி ஆறும் சேரும் இடம் தெரியும். பல நாட்களில் இரண்டும் இரண்டு நிறமாக ஓடி வந்து கலப்பதைக் காணலாம். மூவாற்றுமுகத்தில் கோதையாறும் பறளியாறும் கலப்பதைப் பார்த்தவர்கள் அதிக நேரம் நிற்பார்கள், மற்றவர்கள் படம் எடுத்துவிட்டு நகர்வார்கள். மத்ஸ்கேத்தாவின் ஸ்வெட்டிட்ஸ்கோவேலி பேராலயம் 11ஆம் நூற்றாண்டுக் கட்டடம். இயேசுவின் அங்கி அதனடியில் புதைந்திருப்பதாக இங்கே நம்பிக்கை.

பேராலயத்தைச் சுற்றியுள்ள கடைகளில் மெழுகுவர்த்திபோலத் தொங்குவது சுர்ச்கேலா. வால்நட்டை நூலில் கோத்து, மாவு சேர்த்துக் காய்ச்சிய திராட்சைச் சாற்றில் திரும்பத் திரும்ப முக்கிக் காய வைப்பார்கள். முந்திரி என்றால் திராட்சை என்றும் பொருள், ஆனால் நம் ஊர் முந்திரிக்கொத்தில் பெயரில் மட்டும்தான் திராட்சை. இதில் நிஜமாகவே இருக்கிறது. லேசாக அழுத்தினால் வளைந்து கொடுப்பது புதியது, விறகுபோல் இருப்பது பழையது. தின்னும் முன் நூலை ஒரு முனையில் பிடித்து உருவிவிடுங்கள், இல்லாவிட்டால் பல்லில் சிக்கும்.

நெடுஞ்சாலையில் மேற்கே போகும்போது ஒரே அச்சில் வார்த்த சின்ன வீடுகள் வரிசை வரிசையாகத் தெரியும். அது செரோவானி. 2008இல் ரஷ்யாவுடன் நடந்த போரில் தென் ஒசேத்தியப் பகுதியிலிருந்து வெளியேறியவர்களுக்குக் கட்டியது. நம் கடற்கரையில் சுனாமிக் குடியிருப்புகளைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் தேவைப்படாது. அந்தப் போரில் கோரி நகரமும் குண்டுவீச்சுக்கு ஆளானது. கோரிக்கு வடக்கே தென் ஒசேத்திய எல்லைக்கோட்டுப் பக்கம் தனியாகச் சுற்றப் போகாதீர்கள். அவசர எண் 112.

கோரியில் ஸ்டாலின் பிறந்த சிறு வீட்டின்மேல் மண்டபம் கட்டி, பக்கத்தில் அவர் பயணம் செய்த ரயில் பெட்டியையும் நிறுத்தியிருக்கிறார்கள். ஊர்ச் சதுக்கத்தில் நின்ற பெரிய சிலையை 2010இல் அகற்றிவிட்டார்கள். குமரியில் ஸ்டாலின் என்ற பெயருக்குப் பஞ்சமில்லை. பாஸ்போர்ட்டில் அந்தப் பெயர் இருந்தால் கைடு நின்று இன்னொரு தடவை வாசிப்பார். உள்ளூர்க்காரர்களிடம் அந்த மனிதரைப் பற்றி விவாதம் தொடங்காதீர்கள், வீட்டுக்கு வீடு அபிப்பிராயம் மாறும். நேரம் நெருக்கினால் தியாகம் செய்ய வேண்டியது இந்த அருங்காட்சியகத்தைத்தான். வெளியிலிருந்தே வீட்டையும் பெட்டியையும் பார்த்துவிடலாம்.

சாப்பாட்டுக்கு கைடு நிறுத்தும் கடையில் லோபியோ கேளுங்கள். மண்சட்டியில் வெந்த பயறு, கொத்தமல்லி தாராளமாக இருக்கும், கூடவே மக்காச்சோள ரொட்டி. சைவக்காரர்களுக்கு வால்நட் வைத்த கத்தரிக்காயும் உண்டு. கின்காலி என்ற கொழுக்கட்டைக்குள் பெரும்பாலும் பன்றியும் மாடும் கலந்த இறைச்சி இருக்கும், வேண்டாதவர்கள் காளான் வைத்ததைக் கேட்கலாம். குடுமியைப் பிடித்துத் தூக்கி, ஓரத்தில் கடித்து முதலில் சாற்றை உறிஞ்ச வேண்டும். கத்தியால் வெட்டினால் சாறு முழுக்கத் தட்டில் போய்விடும். குடுமியைத் தின்னாமல் தட்டில் வைப்பது வழக்கம். சாச்சா என்று குட்டிக் கிளாஸில் ஊற்றித் தந்தால் அது திராட்சைச் சக்கையில் வடித்த சாராயம். இதற்குப் பிறகு பாறை ஏற வேண்டும் என்பதை மறக்காதீர்கள்.

இனி குகை ஊர். உப்லிஸ்ட்சிக்கே என்றால் ஆண்டவனின் கோட்டை. கோரிக்குக் கிழக்கே, மட்குவாரியின் இடது கரையில், கிறிஸ்துவுக்கு முந்தைய ஆயிரம் ஆண்டுகளில் குடியேறி, பாறையைக் குடைந்து தெரு, கூடம், கோயில், களஞ்சியம் என்று ஊராக்கினார்கள். கிறிஸ்தவம் வந்த பிறகும் கைவிடவில்லை; திபிலீசி அரபியர் கையில் இருந்த காலத்தில் இது பெரிய ஊராக இருந்தது. மங்கோலியப் படையெடுப்புகளோடு வாழ்வு குன்றியது. 1920இல் கோரியில் வந்த நிலநடுக்கம் பல கூடங்களை இடித்தது. கூரை போய், பாதியாக வெட்டிய தேங்காய்போல உள்பக்கம் தெரிய நிற்கும் அறைகளைப் பார்க்கும்போது இது ஞாபகம் இருந்தால் போதும், கைடு சொல்லும் மிச்சக் கதை தானாகப் புரியும்.

சிதறால் மலையையும் திருநந்திக்கரையையும் மனதில் வைத்துக்கொண்டு வந்தால் ஏமாற்றமாக இருக்கலாம். சிதறாலில் இயற்கையாகக் கவிந்த பாறைக்கடியில் சமணச் சிற்பம். கல் கடினம், உளி நின்று பேசியிருக்கிறது. இங்கே சிற்பம் குறைவு. உள்ளங்கையால் சுவரைத் தடவினால் மணல் ஒட்டும் அளவுக்கு மெதுவான கல், அதனால்தான் ஊர் முழுவதையும் குடைய முடிந்தது, அதனால்தான் தேய்ந்தும் போயிருக்கிறது. தடவுவதோடு நிறுத்துங்கள். பெயர் கிறுக்க யாரும் எந்த மொழியிலும் இடம் தேட வேண்டாம்.

நிமிடம் குறைவாக இருந்தால் கூரையை அண்ணாந்து பாருங்கள், பிறகு தரையைப் பாருங்கள். தாமர் கூடம் என்று அழைக்கும் பெரிய அறையில், பாறையிலிருந்தே விட்டுவைத்த இரண்டு தூண்களுக்கு மேலே, கூரையில் மர உத்திரங்கள் ஓடுவதுபோல் செதுக்கியிருக்கிறார்கள். ஒரு துண்டு மரம் கிடையாது, எல்லாம் கல். பத்மநாபபுரம் அரண்மனையின் மரத் தட்டுகளை அண்ணாந்து பார்த்துப் பழகிய கண்ணுக்கு, தச்சன் வேலையைக் கல்தச்சன் நகல் எடுத்திருப்பது பட்டென்று பிடிபடும். தாமர் அரசி ஆண்டது 1184 முதல் 1213 வரை. கூடம் அதற்கு மிக முந்தையது. பெயர் பிறகு ஒட்டிக்கொண்டது. ஆற்றைப் பார்த்திருக்கும் இன்னொரு அறையின் வளைந்த கூரையில் எட்டுமூலைக் குழிகள் வரிசையாக இருக்கும், ரோமானிய பாணி. அதை நாடக அரங்கு என்பார் கைடு, கோயிலாக இருக்கலாம் என்போரும் உண்டு.

தரையில் இருப்பது வெள்ளம் போன வழி. தெருவிலும் அறைகளுக்கு முன்னாலும் பாறையில் வெட்டிய ஓடைகள், ஒன்று இன்னொன்றில் சேர்ந்து கீழே இறங்கும். பேச்சிப்பாறைச் சானலில் மடை திறந்து வயலுக்குத் திருப்புகிறவர்கள் இதை ஒரு பார்வையில் வாசித்துவிடுவார்கள்: எங்கே சரிவு, எங்கே வளைவு, மழை பெய்தால் எந்த வாசலில் வெள்ளம் ஏறாது என்று. வட்டக் குழிகளில் சில தானியத்துக்கு, சில பலிக்கு என்பார்கள். திராட்சை மிதித்த தொட்டியும் ரொட்டி சுட்ட அடுப்பும் தனியாகக் காட்டுவார்கள். இந்த நாட்டில் மண்தாழியைப் பூமியில் புதைத்து ஒயின் செய்யும் முறை இன்றும் இருக்கிறது. யுனெஸ்கோ 2013இல் அதைப் பட்டியலில் சேர்த்தது.

உச்சியில் இருக்கும் செங்கல் கோயில் இடைக்காலத்தில் பழைய குகைகளுக்கு மேலே கட்டியது. முட்டுவலிக்காரர்கள் அதுவரை ஏற வேண்டியதில்லை. தாமர் கூடம்வரை நிதானமாக வந்து, நிழலில் உட்கார்ந்துவிட்டு, வந்த வழியே திரும்பலாம். மற்றவர்கள் இறங்கும்போது சுரங்கப்பாதையில் வரலாம். சுமார் 40 மீட்டர், படி செங்குத்து, வெளிச்சம் குறைவு, ஆற்றுப்பக்கம் கொண்டுவந்து விடும். ஒரு கையைக் கம்பிக்கு விட்டுவிட்டு போனைப் பைக்குள் போடுங்கள். மழை நாளில் மூடியிருக்கிறார்களா என்று ஏறும்போதே விசாரித்தால் வீண் நடை மிச்சம்.

ஏப்ரல் கடைசி முதல் ஜூன் பாதிவரையும், செப்டம்பர் அக்டோபரும் நல்ல மாதங்கள். டிசம்பரில் ஐந்தரைக்கே இருட்டிவிடும். அப்போது குகை ஊரைக் கடைசியில் வைக்கும் வேனில் ஏறவே கூடாது. கைடு வேண்டாம் என்பவர்கள் திதூபே மெட்ரோவில் இறங்கி, பக்கத்து நிலையத்தில் கோரிக்கு மினிபஸ் பிடிக்கலாம். கோரியிலிருந்து டாக்ஸி பேசும்போது, காத்திருந்து திரும்ப விடும் கூலியையும் சேர்த்துப் பேசுங்கள். இரண்டு மூன்று பேர் சேர்ந்தால் நேரம் உங்கள் கையில். முதல் தடவைக்கு கைடே மேல். எது அடுப்பு, எது குழி என்று சொல்ல ஆளில்லாமல் பார்த்தால் எல்லாம் ஒரே பொந்தாகத் தெரியும்.

வேனில் ஏறும் முன் ஷூவைக் கழற்றி நன்றாகத் தட்டிவிடுங்கள். அந்தப் பாறை மணல் இருக்கையெங்கும் கொட்டினால், காலையில் கமர்ஜோபா சொல்லிச் சிரித்த டிரைவர் திபிலீசி வரும்வரை வாயே திறக்கமாட்டார்.