இடது கால்

தையல் மெஷினில் 12 வருடம் உட்கார்ந்தவளுக்கு இடது கால் என்று ஒன்று இருப்பதே பரதநாட்டிய வகுப்பில்தான் தெரிந்தது.

முதல் நாள் தட்டடவு, அதாவது பாதத்தைத் தரையில் தட்டிப் பழகும் அடிப்படை ஆட்ட அசைவு. 'தெய்யா தெய்' என்று டீச்சர் கட்டையால் பலகையில் தட்ட, வலது, இடது என்று மாற்றி மாற்றித் தட்டிக்கொண்டிருந்தேன். சட்டென்று நிறுத்தினார். "வலது கால் சத்தம் மட்டும்தான் வருது. இடது காலுக்கு லீவா?" கூட நின்ற பிள்ளைகள் சிரித்தார்கள். அவர்களுக்கெல்லாம் எட்டு, ஒன்பது வயது. எனக்கு 31.

லீவெல்லாம் இல்லை, அதற்கு வேலையே கொடுத்ததில்லை. சட்டைக்குக் காலர் வைக்கும் லைனில் இருக்கிறேன். பெடலை மிதிப்பது வலது பாதம். துணியைத் திருப்பும்போது, அதை அழுத்திப் பிடிக்கும் பிரஷர் ஃபுட்டைத் தூக்குவது வலது முழங்கால். இடது கால் ஓரமாகக் கிடக்கும். எந்தத் துணிக்கு எவ்வளவு அழுத்தம் என்று வலது காலுக்குத் தூக்கத்தில்கூடத் தெரியும்; இடது காலோ வெறும் தரையில் ஓங்கித் தட்டவே கூச்சப்பட்டது.

அரைமண்டி அதைவிடக் கஷ்டம். குதிகால்கள் சேர்ந்திருக்க, முழங்கால்கள் இரண்டு பக்கமும் விரிய, முதுகு நிமிர்ந்தபடி பாதி உட்கார வேண்டும். மெஷினோ என்னை முன்பக்கமாகக் கூன வைத்துப் பழக்கியிருந்தது. சுவரில் முதுகை ஒட்டிப் பழகச் சொன்னார் டீச்சர். வீட்டில் அதற்கு நேரம் ஏது? இடைவேளையில் கட்டிங் செக்‌ஷன் தூணில் சாய்ந்து பழகினேன். "என்னக்கா, இடுப்பு வலியா?" என்பார்கள். ஆமாம் என்பேன். பொய்யில்லையே.

மெஷின் சத்தம் மட்டும் எனக்கு உதவியது. முப்பது மெஷின் ஓடும்போது, சொற்கட்டை, அதாவது தாளத்துக்குச் சொல்லும் சொற்களை, வாய்விட்டுச் சொன்னாலும் பக்கத்து மெஷின்காரிக்குக் கேட்காது. நாலு எண்ணிக்கைக்குத் தகதிமி, அஞ்சுக்குத் தக தகிட, ஏழுக்குத் தகிட தகதிமி. காலர் ஏற ஏறச் சொல்லிக்கொண்டே இருப்பேன்.

ஆனால் அதே ஃபாக்டரிதான் என்னைக் கெடுத்தும் வைத்திருந்தது. அடவை மூன்று காலத்தில், அதாவது மூன்று வேகத்தில், ஆடவேண்டும். முதல் காலம் நிதானம், இரண்டாவது அதற்கு இரட்டிப்பு, மூன்றாவது அதற்கும் இரட்டிப்பு. மூன்றாம் காலம் எனக்குச் சுலபமாக வந்தது. முதல் காலத்தில்தான் தாளத்தை முந்திக்கொண்டு ஓடினேன். மணிக்கு இத்தனை பீஸ் என்று பழகிய உடம்பு, சீக்கிரம் முடித்தால் யாரும் திட்டமாட்டார்கள் என்றே நம்பியது. "முடிக்கிறதுக்கா ஆடுற?" என்றார் டீச்சர். என்ன பதில் சொல்வதென்று தெரியவில்லை.

ஞாயிறுதான் வகுப்பு. நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைகள் சட்டப்படி வாரத்துக்கு 48 மணி நேர வேலை, அதற்கு மேல் செய்தால் இரட்டைச் சம்பளம். ஷிப்மென்ட் நெருங்கினால் ஞாயிறும் கூப்பிடுவார்கள். இரட்டைச் சம்பளத்தை வேண்டாமென்று சொல்லும் நிலையில் நான் இல்லை. வகுப்புக்குக் கட்டியதும் அந்த ஓவர்டைம் பணம்தான். வகுப்புக்குப் பணம் சேர்க்கப்போய் வகுப்பையே விட்ட வாரங்கள் நிறைய.

விஷயம் தெரிந்ததும் சூப்பர்வைசர் சொன்னார், "அதெல்லாம் வசதியானவங்க கலைம்மா." நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைத்திருந்தேன். அப்புறம் டீச்சர் சொன்னார்: அலாரிப்பு, ஜதிஸ்வரம், வர்ணம், தில்லானா என்று இன்றைக்கு நாம் ஆடும் வரிசையைத் தஞ்சை நால்வர் என்ற அண்ணன் தம்பிகள் 19ஆம் நூற்றாண்டில் ஒழுங்குபடுத்தியபோது இதை ஆடியவர்கள் தேவதாசி மரபுப் பெண்கள். அவர்களுக்கு இது பொழுதுபோக்கில்லை, தொழில். ருக்மிணி தேவி 1935இல் மேடையேறி, மறு வருடம் கலாக்ஷேத்ரா என்ற கலைப் பள்ளியைத் தொடங்கினார். வசதியான வீட்டுப் பெண்கள் பெருவாரியாக ஆட வந்ததெல்லாம் அதையொட்டித்தான். 1947இல் பெண்களைக் கோயிலுக்குப் பொட்டுக்கட்டுவதைச் சட்டம் தடை செய்தது. அதில் விடுதலையும் இருந்தது. பிழைப்பைப் பறிகொடுத்தவர்களும் இருந்தார்கள். அந்தப் பரம்பரையில் வந்து உலகமெல்லாம் ஆடியவர் பாலசரஸ்வதி. இதையெல்லாம் சூப்பர்வைசரிடம் சொல்லலாம் என்று நினைத்தேன். அவருக்கு அன்றைக்கு டார்கெட் குறைந்திருந்தது. விட்டுவிட்டேன்.

இப்போது மூன்றாவது வருடம், ஜதிஸ்வரம் வரை வந்திருக்கிறேன். அரங்கேற்றம் என்றெல்லாம் யோசிக்கவில்லை. அதற்கான செலவைக் கேட்கவே பயம். போன மாதம் வலது முழங்கால் வீங்கியது. டாக்டர் பார்த்துவிட்டு, "ரெண்டு வேலையையும் இந்தக் கால் தாங்காது, ஒண்ணைக் குறைங்க" என்றார். எதை என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

திங்கட்கிழமை மெஷினில் உட்கார்ந்து, வலது காலை ஓரமாக நகர்த்திவிட்டு இடது காலைப் பெடலில் வைத்தேன். அழுத்தம் கூடி, தையல் கோணிக்கொண்டு ஓடியது. ஒரு காலர் வீண். சூப்பர்வைசர் இந்தப் பக்கம் வருவதற்குள் பிரித்துவிட்டு, மறுபடியும் இடது காலாலேயே மெதுவாக மிதித்தேன். முதல் காலத்தில்.