நடவுக் கூலியிலிருந்து தொடங்குங்கள்

காவிரி டெல்டாவில் பெண்ணுரிமை பற்றி எழுத வரும் பெண் நிருபருக்கு முதலில் கிடைக்கும் வேலை பெரும்பாலும் மகளிர் தினச் சிறப்புக் கட்டுரைதான். எழுதிக் கொடுங்கள், தவறில்லை. ஆனால் தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை பக்கம் பெண்கள் எப்படி வாழ்கிறார்கள் என்பது விவசாயச் செய்திகளுக்குள்தான் கிடக்கிறது. கூலி, அடங்கல் என்ற பயிர்ப் பதிவேடு, நிவாரணப் பட்டியல் இந்த மூன்றையும் படிக்கத் தெரிந்துவிட்டால் எழுத விஷயம் தீராது.

முதலில் கூலி. “ஒரு நாளைக்கு எவ்வளவு?” என்று கேட்டு, வந்த பதிலை அப்படியே போடுவதுதான் வழக்கமான பிழை. இப்போது பல ஊர்களில் நடவு ஒப்பந்தமாகத்தான் பேசப்படுகிறது. ஏக்கருக்கு இவ்வளவு, மாவுக்கு இவ்வளவு என்று குழுவாகப் பேசி, வந்ததைப் பிரித்துக்கொள்கிறார்கள். டெல்டாக் கணக்கில் நூறு குழி ஒரு மா, இருபது மா ஒரு வேலி. மூன்று மா ஏறக்குறைய ஒரு ஏக்கர். இது தெரியாமல் வயலுக்குப் போனால் அவர்கள் சொல்லும் கணக்கு பிடிபடாது.

கேட்க வேண்டியவை இவை: மொத்தம் எத்தனை பேர், எத்தனை மா, நாற்று பறித்தது யார், வண்டி வாடகை யார் தலையில், ஆள் சேர்த்தவருக்கு எவ்வளவு போகிறது, வீட்டை விட்டு எத்தனை மணிக்குக் கிளம்பினார்கள், எத்தனை மணிக்குத் திரும்பினார்கள். ஏக்கருக்கு 5,000 ரூபாய், இரண்டு ஏக்கர், இருபது பெண்கள் என்று வைத்துக்கொள்வோம். தலைக்கு 500 ரூபாய் போலத் தெரியும். வேனுக்கு 800, ஆள் சேர்த்தவருக்கு 200 கழித்தால் 450. காலை ஐந்துக்குக் கிளம்பி மாலை நாலுக்கு வீடு திரும்பினால் பதினோரு மணி நேரம். மணிக்கு நாற்பத்தொரு ரூபாய்கூட முழுதாக வரவில்லை. அதே நாளில் அதே வயலில் வரப்பு வெட்டிய ஆண் எத்தனை மணிக்குக் கரையேறினார், எவ்வளவு வாங்கினார் என்பதையும் பக்கத்தில் எழுதுங்கள். வேறு வாதமே தேவைப்படாது.

நாள் கூலி ஏறியிருக்கிறது என்பதை மட்டும் எழுதுவதும் பாதி உண்மைதான். அறுவடை இயந்திரம் வந்தபின் கதிர் அறுக்கும் வேலை போயிற்று. நேரடி விதைப்பு செய்த வயலில் நடவே கிடையாது. களைக்கொல்லி தெளித்தால் களையெடுப்பும் குறைகிறது. ஆகவே குறுவை, சம்பா, தாளடி என்ற நெல் பருவங்கள் ஒவ்வொன்றிலும் எத்தனை நாள் வேலை கிடைத்தது என்று தனித்தனியாகக் கேட்டு வாங்குங்கள். கூலி உயர்ந்து வருமானம் சரிந்த கதை அங்கேதான் வெளிப்படும்.

வரப்பில் நின்று பேட்டி எடுக்காதீர்கள். நிலக்காரர் பக்கத்தில் இருப்பார், பெண்கள் வாய் திறக்க மாட்டார்கள். ஒப்பந்த நடவில் பேச்சு நீளும் ஒவ்வொரு நிமிடமும் அவர்கள் வீடு திரும்பும் நேரத்தைத் தள்ளிப்போடும். சாயங்காலம் தெருவுக்குப் போங்கள். சேற்றுப்புண், இடுப்புவலி, மாதவிடாய் நாட்களில் வயலில் ஒதுங்க இடமில்லாதது எல்லாம் ஆண்கள் இல்லாத இடத்தில்தான் பேச்சில் வரும். இந்த ஒரு விஷயத்தில் பெண் நிருபருக்குக் கிடைக்கும் செய்தி ஆண் நிருபருக்குக் கிடைக்காது. அதை விட்டுவிடக் கூடாது.

அடுத்தது நிலம். சிட்டா உரிமையாளர் யார் என்று சொல்லும். அந்தப் பசலியில், அதாவது வருவாய்த் துறைக் கணக்கு ஆண்டில், எந்த சர்வே எண்ணில் என்ன பயிர் என்று அடங்கல் சொல்லும். பசலி ஜூலை 1இல் தொடங்குகிறது. பட்டா மாமனார் பெயரிலோ இறந்துபோன கணவர் பெயரிலோ இருக்கும், பயிர் வைப்பவர் அந்தப் பெண்ணாக இருப்பார். வெள்ளமோ புயலோ வந்தால் நிவாரணம் பதிவில் உள்ள பெயரைத் தேடித்தான் போகும். 2018 நவம்பரில் கஜா புயல் வந்துபோன மாதிரி ஒரு சமயத்தில் இந்தக் குறையின் விலை தெரியும். கோயில், மடத்து நிலங்களை வாய்மொழிக் குத்தகைக்குச் செய்யும் குடும்பங்களில் சிக்கல் இன்னும் கூடுதல். 1969ஆம் ஆண்டுச் சட்டப்படி குத்தகை உரிமைப் பதிவேடு என்று ஒன்று உண்டு. அதில் யார் பெயர் ஏறியிருக்கிறது, கணவர் இறந்தபின் மனைவி பெயருக்கு மாறியதா என்று பாருங்கள்.

மகள்களின் பங்கையும் இதோடு சேர்த்து விசாரியுங்கள். தமிழ்நாட்டில் 1989இலும், நாடு முழுவதற்குமாக 2005இலும் பூர்வீகச் சொத்தில் மகளுக்கு உரிமை தரும் திருத்தங்கள் வந்தன. நடைமுறையில் பலர் தங்கள் பங்கை விட்டுக்கொடுத்து அண்ணன் தம்பிக்கு விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுத்துவிடுகிறார்கள். பதிவுத் துறை இணையதளத்தில் வில்லங்கச் சான்று பார்த்தால் அந்தப் பத்திரம் எந்தத் தேதியில் பதிவானது என்று தெரியும். தேதியைக் கையில் வைத்துக்கொண்டு, அந்தச் சமயத்தில் வீட்டில் என்ன நடந்தது என்று கேளுங்கள். கல்யாணமா, சாவா, கடனா? அதிலிருந்துதான் கட்டுரை தொடங்கும்.

இந்த மண்ணில் பெண்ணுரிமை எழுத்துக்கு முன்னோடி மூவலூர் இராமாமிர்தம் அம்மையார். மயிலாடுதுறைக்குப் பக்கத்து மூவலூரில் வளர்ந்தவர், இசை வேளாளர் குடும்பத்துப் பெண். காங்கிரசில் தொடங்கி சுயமரியாதை இயக்கத்துக்கு வந்தார். தேவதாசி முறையை உள்ளிருந்தே அறிந்தவர் என்பதால் 1936இல் வெளிவந்த அவருடைய நாவலில் தரகு, கடன், ஏமாற்று எல்லாம் எப்படி நடக்கிறது என்ற விவரம் இருக்கிறது. பரிதாபத்தை மட்டும் நம்பி எழுதுகிறவர்கள் அவரைப் படிக்க வேண்டும். இன்னொன்றையும் கவனியுங்கள்: பெண்களைக் கோயிலுக்குத் தேவதாசியாக்கும் பொட்டுக்கட்டுச் சடங்கைத் தடுக்கும் சட்டம் 1947இல்தான் வந்தது. முத்துலட்சுமி ரெட்டியின் முயற்சியால் 1929இலேயே வந்த திருத்தம், தேவதாசிகளுக்குக் கோயில் பணிக்காகத் தரப்பட்ட மானிய நிலத்தை அந்தப் பணியிலிருந்து விடுவித்து அந்தப் பெண்களுக்கே விட்டது. நிலம் கையில் நின்றால்தான் அந்தப் பணியை விட்டு வெளியேற முடியும் என்று அன்றே கணக்குப் போட்டிருக்கிறார்கள்.

தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போடும்போது “ஏன்” என்று கேட்காதீர்கள், காரணம் கேட்ட மனு சுலபமாகத் திரும்பிவிடும். “இந்த வட்டத்தில் பயிர் நிவாரணம் பெற்றோர் பட்டியலின் நகல்” என்று ஆவணத்தைக் கேளுங்கள். கட்டணம் 10 ரூபாய், கோர்ட் வில்லை ஒட்டலாம். பதிலுக்கு 30 நாள். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு.

பாலியல் வன்முறைச் செய்தியில் பெயரை மறைத்தால் போதும் என்று நினைப்பது ஆபத்து. பாதிக்கப்பட்டவர் யார் என்று தெரியவைத்தால், குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா 72ஆவது பிரிவில் இரண்டு ஆண்டு வரை சிறை உண்டு. சிறுமி என்றால், குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து பாதுகாக்கும் போக்சோ சட்டத்தின் 23ஆவது பிரிவு பள்ளி, முகவரி, குடும்ப விவரம், அக்கம்பக்கம் எல்லாவற்றையும் தடுக்கிறது. பெற்றோர் சம்மதித்தாலும் பெயர் போட முடியாது. இருநூறு வீடுள்ள ஊரில் தெருப் பெயரோடு “தாய்மாமன் கைது” என்று போட்டால் யார் என்று ஊருக்கே தெரிந்துவிடும். ஒரு பத்திரிகை வயதையும் இன்னொன்று ஊரையும் மற்றொன்று உறவையும் போட்டாலும் கதை அதேதான். நீங்கள் தவிர்த்த ஊர்ப் பெயரைத் தலைப்பில் அலுவலகத்து எடிட்டிங் டெஸ்க் சேர்த்துவிடுவதும் நடக்கும். செய்தி அனுப்பும்போதே மேலே “ஊர், உறவு, தெரு வேண்டாம்” என்று எழுதி அனுப்பி, பக்கம் முடிக்கும் முன் ஒரு தடவை போன் செய்து கேட்டுக்கொள்ளுங்கள்.

உங்கள் பாதுகாப்புக்கும் சட்டம் இருக்கிறது. வரி எண்ணிச் சம்பளம் வாங்கும் பகுதிநேர நிருபர்கள் தங்களுக்கு எதுவும் பொருந்தாது என்று நினைத்துக்கொள்கிறார்கள். பணியிடப் பாலியல் துன்புறுத்தல் தடுப்புச் சட்டம், 2013, தற்காலிக, ஒப்பந்தப் பணியாளரையும் சேர்த்தே பேசுகிறது. வேலை நிமித்தம் போகும் இடமும், நிறுவனம் ஏற்பாடு செய்த வண்டியும் பணியிடம்தான். பத்துப் பேருக்குக் குறைவான அலுவலகம் என்றாலோ, புகார் முதலாளி மீதே என்றாலோ மாவட்ட உள்ளூர்க் குழுவிடம் போகலாம். சம்பவம் நடந்து மூன்று மாதத்துக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும். தக்க காரணம் இருந்தால் இன்னும் மூன்று மாதம் வரை நீட்டிப்பார்கள். வாட்ஸ்அப் செய்திகளைத் தேதி தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுத்து, அலுவலகத்துக்குச் சம்பந்தமில்லாத உங்கள் சொந்த மின்னஞ்சலுக்கு அன்றைக்கே அனுப்பி வைத்துவிடுங்கள்.